சங்கு ஓய்ந்த பஞ்சாலைகளும் மராத்திப் படக்காட்சியும்

ஒரு தொழிற்சாலை மூடப்படும்பொழுது அச்செய்தி நாளிதழில் நான்கு வரிகளுள் அடங்கிவிடுகிறது. இத்தனை இயந்திரங்கள் நின்றன, இத்தனை பேர் வேலையிழந்தனர், இத்தனை கோடி நட்டம் என்னும் கணக்கோடு உலகம் அதனை மறந்துவிடும். அவ்வாலையை நம்பி வாழ்ந்த வீட்டிலோ கதை அன்றுதான் தொடங்குகிறது. விடியற்காலையிற் சங்கொலி கேட்டு எழுந்து பழகிய தந்தை இனி எங்கே செல்வது? கடைக்காரனுக்குத் தாய் என்ன விடை கூறுவது? படிப்பை நிறுத்திய மகன் எவ்வழிப்படுவான்? இவ்வினாக்களுக்கு அரசாங்க அறிக்கைகளில் விடையில்லை. கதையும் நாடகமும் படக்காட்சியுமே இவற்றை ஒருவாறு எடுத்துரைக்க வல்லன.

கல்லூரி மலரிற் சினிமாவைப் பற்றி எழுதுவதா என முகஞ்சுளிப்பார் சிலர் இருக்கலாம். சினிமா பெரும்பாலும் பொழுதுபோக்கே என்பதை நாமும் மறுக்கவில்லை. ஆயினும் ஒரு மக்கட்கூட்டத்தின் துயரை அம்மக்களின் மொழியிலேயே கூற முயன்ற படம் ஒன்று இருப்பின், அது மெய்யாகவே அத்துயரை அறிந்து கூறுகிறதா, அன்றி அதனை விலைப்பொருளாக்குகிறதா என ஆராய்தல் கற்றோர் கடனேயாம். அவ்வாராய்ச்சிக்கு ஏற்றதாகப் பம்பாய்ப் பஞ்சாலைத் தொழிலாளரின் வரலாற்றையும், அதனைப் பொருளாகக் கொண்ட படங்களையும் ஈண்டு எடுத்துக்கொள்வோம்.

படங்களை விளங்கிக்கொள்ள முதலில் வரலாற்றைச் சுருக்கமாக அறிதல் வேண்டும். காவஸ்ஜி நானாபாய் தாவர் என்னும் பார்சி வணிகர் 1854-ஆம் ஆண்டிற் பம்பாயில் முதல் நூற்பாலையை நிறுவினார். அது 1856-ல் வேலை தொடங்கியது. 1861 முதல் 1865 வரை அமெரிக்காவில் நிகழ்ந்த உள்நாட்டுப் போரினால் அந்நாட்டுப் பருத்தி இங்கிலாந்து செல்வது தடைப்பட, இந்தியப் பருத்தியின் விலை ஏறிப் பம்பாயிற் பணம் குவிந்தது. அடுத்து வந்த ஆண்டுகளில் ஆலைகள் பெருகின. கொங்கணக் கடற்கரையிலுள்ள இரத்தினகிரியிலிருந்தும், மேட்டுநிலமாகிய சாதாராவிலிருந்தும் உழவர் மக்கள் ஆலைகளை நாடி வந்தனர். பரேல், லால்பாக், வொர்லி, பைகுல்லா முதலிய பகுதிகளில் அவர்கள் குடியேறிய இடம் முழுவதற்கும் ‘கிரண்காவ்’ என்று பெயர் வழங்கிற்று. ‘ஆலைகளின் ஊர்’ என்பது அதன் பொருள். பெருநகரின் நடுவே இருந்தும் அதனை அவர்கள் ஊர் என்றே அழைத்தமை கருதத்தக்கது.

அவ்வூரில் வீடு என்பது ‘சால்’ எனப்படும் அடுக்குக் கட்டடத்தில் ஓர் அறை. நீண்ட பொதுத் தாழ்வாரம், அதன் ஓரமாக வரிசையாய் ஒற்றை அறைகள், மாடிக்கு ஓரிரு பொதுக் குழாய்கள்: இவ்வளவே அதன் அமைப்பு. ஊரிலே குடும்பத்தை விட்டுவந்த ஆண்கள் பலர் ஓரறையைப் பகிர்ந்துகொண்டனர். ஒருவன் வேலைமுறை முடிந்து திரும்பும்பொழுது மற்றொருவன் எழுந்து ஆலைக்குச் செல்வான். ஒரே பாய் இருவர்க்கும் உதவும். இவர்களுக்குச் சோறு சமைத்துப் போட்டவர்கள் ‘கானாவள்’ என்னும் உணவுவிடுதிகளைத் தம் அறைகளிலேயே நடத்திய பெண்கள். பிரேமா புரவ் என்னும் அம்மையார் அப்பெண்களை ஒன்றுதிரட்டி 1975-ல் ‘அன்னபூர்ணா மகிளா மண்டல்’ என்ற சங்கத்தை நிறுவினார். ஆலையின் சக்கரம் சுழன்றது நீராவியாலும் மின்சாரத்தாலும் என்பர். அப்பெண்களின் அடுப்பும் அதற்குக் காரணமென்பதை எவரும் மறுக்கவொண்ணாது.

தொழிலாளருள்ளும் இரு வகுப்பினர் உண்டு. நிலையான வேலையுடையோர் ஒரு சாரார். ‘பத்லி’ என்போர் மற்றொரு சாரார்; நம் நாட்டுப் பஞ்சாலைகளிற் ‘பதிலி’ என வழங்குவது இதுவே. காலைதோறும் ஆலை வாயிலில் நின்று, நிலையானவர் எவரேனும் வராதொழிந்தால் மட்டும் உள்ளே அழைக்கப்படுபவன் பதிலி. பல்லாண்டு உழைத்தும் பதிலியாகவே இருந்தோர் மிகப் பலர். மாதத்திற் பத்துநாள் வேலை கிடைத்தவனுக்குப் பத்துநாட் கூலியே. இனிக் கூறப்போகும் பெரும் போராட்டத்தின் வெம்மைக்கு இவர்தம் மனக்குறையும் ஒரு காரணமாயிற்று.

பம்பாய்த் தொழிலாளர்க்கு வேலைநிறுத்தம் புதிதன்று. 1928-ல் அவர்கள் ஏறக்குறைய ஆறுமாதம் வேலை நிறுத்தினர். ‘கிர்ணி காம்கார் யூனியன்’ என்னும் பெருஞ்சங்கம் அப்போராட்டத்திலேயே பிறந்தது. ஆனால் 1946-ஆம் ஆண்டின் பம்பாய்த் தொழிலுறவுச் சட்டம் ஒரு தொழிலுக்கு ஒரு வட்டாரத்தில் ஒரு சங்கமே பிரதிநிதிச் சங்கம் என விதித்தது. அவ்வுரிமை ‘ராஷ்ட்ரீய மில் மஸ்தூர் சங்கம்’ என்னும் சங்கத்தினிடம் இருந்தது. தொழிலாளர் வேறொரு சங்கத்தை விரும்பினாலும் முதலாளிகள் அதனோடு பேசச் சட்டம் இடந்தரவில்லை. நோயாளி ஒருவன், மருத்துவன் ஒருவன், ஆயினும் வேறொருவனே நாடி பிடித்துக் காட்டவேண்டும் என்பது போன்ற நிலைமை அது.

1981-ஆம் ஆண்டுத் தீபாவளியை ஒட்டிப் போனஸ் பற்றிய மனக்கசப்பு முற்றியபொழுது, தொழிலாளர் தம் பழைய சங்கத்தை விட்டு டாக்டர் தத்தா சாமந்த் என்பவரை நாடினர். அவர் மருத்துவம் பயின்றவர். மற்றத் தொழில்களிற் கூலியுயர்வு பெற்றுத்தந்து பேர்பெற்றவர். 1982-ஆம் ஆண்டு ஜனவரித் திங்கள் 18-ஆம் நாள் பம்பாயின் ஏறக்குறைய அறுபது ஆலைகளில் வேலைநிறுத்தம் தொடங்கிற்று. அதிற் பங்குகொண்டோர் ஏறக்குறைய இரண்டரை லட்சம் பேர். கூலியுயர்வு, பதிலிகளுக்கு நிலையான வேலை, தாம் விரும்பிய சங்கத்தை வைத்துக்கொள்ளும் உரிமை ஆகியன அவர்களுடைய கோரிக்கைகள். பலர் ஊருக்குத் திரும்பி வயலில் உழைத்துப் போராட்டத்தை நீட்டித்தனர். முதலாளிகளோ பிவண்டி முதலிய இடங்களின் விசைத்தறிகளில் துணி நெய்வித்துக்கொண்டனர். கிடங்குகளிற் கிடந்த பழைய சரக்கும் விற்றுத் தீர்ந்தது. ஓராண்டு கடந்தது, ஒன்றரை ஆண்டும் கடந்தது. போராட்டம் முடிந்ததென எவரும் முறையாக அறிவிக்கவில்லை. பசியே அதனை முடித்தது.

அதன்பின் ஒரு லட்சத்திற்கு மேற்பட்டோர் வேலையிழந்தனர். 1983-ல் அரசாங்கம் பதின்மூன்று ஆலைகளின் நிர்வாகத்தை ஏற்றது. ஏனையவற்றுட் பல நலிந்து ஒன்றன்பின் ஒன்றாக அடங்கின. தத்தா சாமந்த் 1984-ல் மக்களவைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். 1997-ஆம் ஆண்டு ஜனவரி 16-ஆம் நாள் சுட்டுக் கொல்லப்பட்டார்.

இதற்குள் இன்னொரு பொருள் விலையேறியிருந்தது. ஆலைகள் நின்ற நிலம் ஏறக்குறைய 600 ஏக்கர். அது நகரின் நடுவில் இருந்தது. துணி நெய்து பெறும் ஆதாயத்தினும் நிலத்தை விற்றுப் பெறும் ஆதாயம் பன்மடங்காயிற்று. 1991-ஆம் ஆண்டின் நகரமைப்பு விதி ஒன்று, ஆலை நிலத்தைப் புதுவேலைக்குப் பயன்படுத்தின் மூன்றிலொரு பங்கை நகராட்சியின் திறந்தவெளிக்கும், மூன்றிலொரு பங்கைப் பொதுமக்கள் குடியிருப்புக்கும் விடவேண்டும் எனப் பணித்தது. 2001-ல் அவ்விதி திருத்தப்பட்டு, கட்டடமின்றிக் காலியாயிருந்த நிலம் மட்டுமே பங்கிடத்தக்கது என்றாயிற்று. கட்டடம் நின்ற நிலம் பங்கிலிருந்து நீங்கவே, பொதுமக்களுக்குரிய பாகம் மிகச் சுருங்கிற்று. இதனை எதிர்த்த வழக்கில் 2006-ல் உச்சநீதிமன்றம் திருத்தத்தையே நிலைநிறுத்தியது. பீனிக்ஸ் என்னும் ஆலை இருந்த இடத்திற் பெருங்கடைத்தொகுதி எழுந்தது. தொழிலாளர்க்கு வீடளிப்பதற்கான குலுக்கல் 2012-ல் நடந்தபொழுது ஆறாயிரத்துச் சொச்சம் வீடுகளே இருந்தன; விண்ணப்பித்தவரோ ஒரு லட்சத்திற்கு மேற்பட்டோர்.

இனிப் படக்காட்சிக்கு வருவோம். பம்பாய் ஆலைகளின் நகரம் மட்டுமன்று, சினிமாவின் நகரமுமாம். ஆயினும் இவ்விரண்டும் ஒன்றையொன்று நேர்முகமாக நோக்கியது அரிது. 1934-ல் இந்தி எழுத்தாளர் பிரேம்சந்த் எழுதிய கதையைக்கொண்டு மோகன் பவ்னானி என்பார் ஆலைத் தொழிலாளர் பற்றிய படமொன்றை எடுத்தார். பம்பாய்த் தணிக்கையாளர் அதற்குத் தடைவிதித்தனர். தொழிலாளர் நெஞ்சில் அது தீமூட்டும் என்னும் அச்சமே அத்தடைக்குக் காரணம்.

பெரும் வேலைநிறுத்தத்திற்கு இரண்டாண்டு முன்னர், 1980-ல், சயீத் அக்தர் மிர்சா ‘ஆல்பர்ட் பிண்டோவுக்கு ஏன் கோபம் வருகிறது’ என்னும் பொருள்படும் தலைப்பில் ஓர் இந்திப் படம் எடுத்தார். மோட்டார் பழுதுபார்க்கும் இளைஞன் ஆல்பர்ட், செல்வர் வண்டிகளைச் செப்பனிடுவதால் தானும் அவர்களைச் சேர்ந்தவன் என மயங்குகிறான்; வேலைநிறுத்தம் செய்வோர் சோம்பர் என்று அவர்கள் கூறுவதைத் தானும் நம்புகிறான். அவன் தந்தையோ ஆலைத் தொழிலாளி. வேலைநிறுத்தத்தில் நின்ற அத்தந்தை அடியாட்களால் தாக்கப்பட்ட பின்னரே மகனுக்குக் கண்திறக்கிறது. 1985-ல் கோவிந்த் நிஹலானி எடுத்த ‘ஆகாத்’, ஒரே தொழிற்சாலையில் இரு சங்கங்கள் மோதுவதைக் காட்டியது. அதற்கு எழுதியவர் மராத்தி நாடகாசிரியர் விஜய் தெண்டுல்கர். முன்னர்க் கூறிய சட்டச் சிக்கலை உணராதார் அப்படத்தை இரு முரடர்களின் சண்டையாகவே காண்பர். உணர்ந்தார்க்கு அதன் உட்பொருள் விளங்கும்.

எனினும் ஆலை மூடியபின் வீட்டுக்குள் நிகழ்ந்ததை அவ்வீட்டின் மொழியிற் கூறியவர் ஜயந்த் பவார். கிரண்காவின் மண்ணையும் மக்களையும் நன்கறிந்த இம்மராத்தி எழுத்தாளர் 1990-களின் பிற்பகுதியில் ‘அதாந்தர்’ என்னும் நாடகத்தை அளித்தார். அந்தரத்தில் தொங்குதல் என்பது அதன் பொருள். நம் மொழியிலும் அந்தரம் என்னுஞ் சொல் அவ்வாறே பயில்வதால் அத்தலைப்பை நமக்கு விளக்க வேண்டுவதில்லை. சாலின் ஓரறையே அந்நாடகத்தின் களம். துரி என்னும் குடும்பமே அதன் மாந்தர். பின்னாளில் அவர் எழுதிய சிறுகதைத் தொகுதிக்கு ‘பீனிக்ஸின் சாம்பலினின்று எழுந்த மயில்’ எனப் பொருள்படும் தலைப்பிட்டார். அதற்குச் சாகித்திய அக்காதெமிப் பரிசு 2012-ல் வழங்கப்பட்டது. பீனிக்ஸ் என்பது கதைப் பறவையின் பெயர் மட்டுமன்றி ஓர் ஆலையின் பெயருமாதலை உணர்ந்தோர்க்கு அத்தலைப்பின் கசப்பு புலப்படும்.

‘அதாந்தர்’ நாடகத்தை அடியாகக் கொண்டு மகேஷ் மாஞ்ச்ரேக்கர் 2010-ல் ‘லால்பாக் பரேல்’ என்ற மராத்திப் படத்தை இயக்கினார். ‘மும்பை பொன்னாயிற்று’ என்பது அதன் துணைத்தலைப்பின் கருத்து. இந்தியிலும் அது ‘சிட்டி ஆப் கோல்ட்’ என்னும் பெயரில் உடனெடுக்கப்பட்டது. ஆலையிழந்த தந்தை, வறுமையைத் தாங்கும் தாய், மூன்று ஆண்மக்கள், ஒரு பெண் ஆகியோர் கொண்ட குடும்பம். தாயாகச் சீமா பிஸ்வாஸ் நடித்தார். ஒரு மகன் எழுத்தாளனாகக் கனவு காண்கிறான். கனவால் உலை கொதிக்குமா? மற்றொருவன் ஒரே நாளிற் செல்வனாகும் குறுக்குவழி தேடுகிறான். வேறொருவன் துப்பாக்கி ஏந்தும் கும்பலிற் சேர்கிறான். மகள் தன் மனத்தையும் வாழ்வையும் காத்துக்கொள்ள இடமின்றித் தவிக்கிறாள். வெளியே ஆலை முதலாளியின் மனையில் வேறொரு கணக்கு நடைபெறுகிறது: தறி ஓடுவதினும் தறி நிற்பதே ஆதாயம்.

இப்படத்தின் மேன்மை யாது? வறுமை ஒரு குடும்பத்தைத் தாக்கும்பொழுது எல்லாரையும் ஒரே வகையில் தாக்குவதில்லை என்னும் உண்மையை அது நன்கு காட்டுகிறது. ஓரறையில் அறுவர் வாழுமிடத்து ஒருவரின் தோல்வி மற்றவர் கண்ணுக்கு மறையாது. தந்தையின் மௌனத்தை மக்கள் பொறுத்துக்கொள்வதில்லை. மக்களின் வேலையின்மையைத் தந்தை குத்திக்காட்டாதிருப்பதில்லை. முதலாளியை எதிர்த்து எழவேண்டிய சினம் வீட்டுக்குள்ளேயே ஒருவர்மேல் ஒருவர் பாய்கிறது. ஆலையின் சங்கு மணி காட்டியது மட்டுமன்று; தந்தைக்கு மதிப்பும், தாய்க்கு ஒழுங்கும், பிள்ளைகளுக்கு அச்சமும் அளித்து வந்தது. அது ஓய்ந்தபின் அம்மூன்றும் ஒருங்கே ஓய்ந்தன. இதனை எந்தப் புள்ளிவிவரமும் நமக்கு உணர்த்தியிராது.

குறையும் உண்டு, அதனைக் கூறாது விடுதல் நடுநிலைமையாகாது. கொலையும் குருதியும் படத்திற் பெரும் இடத்தைக் கவர்ந்துகொள்கின்றன. 2015-ல் மராத்தியில் வந்த ‘தக்டி சால்’, 2017-ல் இந்தியில் வந்த ‘டாடி’ முதலிய படங்கள் அவ்வழியே மேலும் சென்று, தொழிலாளர் குடியிருப்பைக் கும்பற் தலைவனின் கோட்டையாகவே காட்டின. ஆலை மூடியபின் இளைஞர் சிலர் அவ்வழிச் சென்றது மெய்யே. அதனை மறைக்கவேண்டும் என்பது நம் கருத்தன்று. ஆனால் வேலையிழந்த லட்சத்துக்கு மேற்பட்டோருள் மிகப் பெரும்பாலோர் துப்பாக்கியைத் தொட்டாரல்லர். அவர்கள் காய்கறி விற்றனர், வாயிற்காவல் செய்தனர், ஊருக்குத் திரும்பினர், அவர்தம் மனைவியர் பிறர் வீட்டிற் பாத்திரம் விளக்கினர். அப்பொறுமை படமாதல் அரிது. ஏனெனின் அதிற் சத்தமில்லை. கானாவள் நடத்திய பெண்ணின் கதையை எவரேனும் முழுமையாக எடுப்பாராயின் அது கும்பற் கதை பத்தினும் மேலானதாகும் என்பது நம் துணிபு.

இக்குறையைச் செய்திப்படங்கள் ஒருவாறு நிரப்பின. பூட்டிக்கிடந்த ஓர் ஆலைக்குட் புகுந்து அதனை மீட்க முயன்ற தொழிலாளரைப் பற்றி ஆனந்த் பட்வர்த்தன் 1996-ல் ஒரு சிறுபடம் எடுத்தார். 2001-ல் அஞ்சலி மொண்டேரோவும் கே. பி. ஜயசங்கரும் எடுத்த ‘சாசா’ என்னும் படம், கவிஞர் நாராயண் சுர்வே, ஓவியர் சுதீர் பட்வர்த்தன் ஆகிய இருவர்தம் கண்வழியே ஆலை நகரைக் காட்டியது. 2002-ல் அருண் கோப்கர் சுர்வேயின் வாழ்க்கையையே படமாக்கினார். சுர்வே தெருவிற் கிடந்த குழவி. கங்காராம் சுர்வே என்னும் ஆலைத் தொழிலாளி கண்டெடுத்துத் தம் பெயரை அளித்து வளர்த்தார். அக்குழவி பின்னர் ஆலையிலும் உழைத்து, மராத்தியின் பெருங்கவிஞராகி, 2010-ல் மறைந்தார். ஓரறை வீட்டில் தமக்கே இடமில்லாதார் பிறர் குழவிக்கு இடமளித்த செய்தி இது. கும்பற் கதைகளிற் காணப்படாத கிரண்காவ் இதுவே.

இவற்றோடு ஓர் இடத்தையும் குறித்தல் தகும். லால்பாக்கில் ‘பாரத்மாதா’ என்னும் திரையரங்கு பல்லாண்டுகள் மராத்திப் படங்களையே காட்டி வந்தது. அது நின்ற நிலமும் ஆலை நிலமே. உழைப்பாளி வேலைமுறை முடிந்து குறைந்த கட்டணத்தில் தன் மொழிப் படத்தைக் கண்ட அரங்கும், அவன் உழைத்த ஆலையும் ஒரே மண்ணின்மேல் நின்றன. நிலம் விலைப்பொருளாயினபொழுது இரண்டற்கும் ஒரே ஆபத்து நேர்ந்தது. புதிதாய் எழுந்த கடைத்தொகுதிகளின் திரையரங்குகளில் இருக்கை மெத்தென்றிருக்கும். ஆனால் எவருடைய கதையை அப்படம் சொல்கிறதோ அவருக்கு அங்கே சீட்டு வாங்க வசதியில்லை.

இது மராத்தியருக்கு மட்டும் உரிய செய்தி என நாம் எண்ணலாகாது. கன்னட நாட்டிலுள்ள கோலார் தங்கவயலில் நம் தமிழ்மக்கள் பல தலைமுறை நிலத்தின் ஆழத்தில் உழைத்தனர். அச்சுரங்கம் 2001-ஆம் ஆண்டு பெப்ரவரி 28-ஆம் நாள் மூடப்பட்டது. அதன்பின் ஆயிரக்கணக்கானோர் நாடோறும் விடியலிற் புகைவண்டியேறிப் பெங்களூருக்குச் சென்று, வேலை செய்து, இரவில் மீள்கின்றனர். அவ்வயலின் பெயர்தாங்கிக் கன்னடத்தில் 2018-லும் 2022-லும் வந்த படங்கள் ஒரு கற்பனை வீரனின் கதையைக் கூறின. 2024-ல் தமிழில் வந்த ‘தங்கலான்’ பொன் தேடிய தொடக்க காலத்தைப் பாடுபொருளாக்கியது. சுரங்கம் மூடியபின் அப்புகைவண்டியிற் செல்லும் குடும்பம் இவற்றின் பொருளன்று. மராத்தியில் ஒரு பவார் செய்ததைத் தமிழிற் செய்தற்கு இடம் இன்னும் இருக்கிறது.

நம் கல்லூரி மாணவருட் சிலர் வீட்டிற் பஞ்சாலைச் சங்கொலியோ, தீப்பெட்டித் தொழிற்சாலையின் மணியோ, அச்சகத்தின் ஓசையோ கேட்டு வளர்ந்தவராயிருப்பர். தந்தையின் கைத்தழும்பைக் காட்ட நாணி, அவர் தொழிலை வேறொரு பெயரால் மறைத்துக் கூறுவோரும் சிலர் இருக்கக்கூடும். அவர்க்கு நாம் கூறுவது ஒன்றே. மூடிய ஆலையின் கதையை நிலத்தை வாங்கியவன் எழுதமாட்டான். சட்டத்தைத் திருத்தியவனும் எழுதமாட்டான். அவ்வீட்டிற் பிறந்து எழுதப் படிக்கக் கற்றவனே எழுதவேண்டும். ‘லால்பாக் பரேல்’ படத்தில் எழுத்தாளனாகக் கனவு கண்ட மகன் வீட்டாருக்குச் சுமையாகவே தோன்றுகிறான். ஆயினும் அவ்வீடு இன்று நம் நினைவில் நிற்பது அத்தகைய ஒருவன் மெய்யுலகில் எழுதியதனாலன்றோ? விடுமுறைக்கு ஊர் செல்லும் மாணவ நண்பர்கள் தம் தந்தையரிடமும் பாட்டியரிடமும் ஒருநாள் மாலை அமர்ந்து, ‘ஆலை நின்ற அன்று வீட்டில் என்ன நடந்தது?’ என வினவுவார்களாக. அவ்விடையைக் குறித்து வைப்பார்களாயின், அடுத்த மலருக்கு நாம் கட்டுரை தேடி அலைய வேண்டுவதில்லை.